சுவிட்ச் இல்லாத பிரீசர்

கொட்டாரத்தில் வியாபாரம் நொடித்து மூடிய ஐஸ்கிரீம் கடை ஒன்றின் பிரீசர், ஒரு சனிக்கிழமை மத்தியானம் மினி லாரியில் ஏறிக் குழித்துறையில் டீச்சர் வீட்டுக்கு வந்து சேர்ந்தது. ஓர் ஆள் தாராளமாக உள்ளே படுக்கலாம், அவ்வளவு நீளம். நாலு பேர் தூக்கி, வாசல் நிலையில் இரண்டு இடத்தில் பெயர்த்து, சாப்பாட்டு அறையில் மேசைக்கும் சுவருக்கும் நடுவில் இறக்கி வைத்தார்கள். பெட்டியின் முன்பக்கத்தில் சாயம் போன கோன் ஐஸ்கிரீம் படம். அதைப் பார்த்துவிட்டு லாரிக்குப் பின்னாலேயே ஓடிவந்த தெருப் பிள்ளைகளை டீச்சர் வாசலில் நின்று வரவேற்றார்.

"வாங்க மக்களே, வாங்க. இதுக்குள்ள இனி மீனும் முட்டையும்தான் இருக்கும். யாருக்கு வேணும்?"

பிள்ளைகள் கலைந்து போனார்கள். டீச்சரின் மாமனார் மட்டும் நகரவில்லை. கண்ணாடியைக் கழற்றி, வேட்டி நுனியில் துடைத்துப் போட்டுக்கொண்டு, பெட்டியை ஒரு சுற்றுச் சுற்றி வந்து கேட்டார்.

"இது எதுக்கு மக்கா?"

"எனக்குப் பதிலா மாமா" என்றார் டீச்சர்.

நானும் அவரும் ஒரே பள்ளிக்கூடத்தில் ஒன்பது வருஷம் வேலை பார்த்தோம். அவர் சயின்ஸ், நான் சோஷியல். என்னைவிட ஏழெட்டு வயது மூத்தவர். ஆசிரியர் அறையில் அடுத்தடுத்த மேசை. அவர் பெயரை நான் இங்கே எழுதப்போவதில்லை. எழுதினால், "என் பேரை எழுதச் சொல்லி யாரு சொன்னா?" என்று எங்கிருந்தாவது போன் வரும்.

அந்தக் கேள்விதான் அவர். ஆள் குட்டை, நடை வேகம், கையில் எப்போதும் ஒரு கறுப்புக் குடை. யார் எதைச் சொன்னாலும் அவர் வாயில் முதலில் வருவது "யாரு சொன்னா?" சண்டைக் குரலில் கேட்கமாட்டார். உண்மையிலேயே தெரிந்துகொள்ள விரும்புகிறவர் மாதிரி, தலையை லேசாகச் சாய்த்துக் கேட்பார். கேட்கப்பட்டவர்தான் முழிப்பார். ஒருதடவை மேலதிகாரி பள்ளிக்கூடத்துக்கு வந்தபோது, "லேடி டீச்சர்ஸ் எல்லாம் வந்து சாருக்கு டீ கொடுங்க" என்றார் எங்கள் தலைமையாசிரியர். "யாரு சார் சொன்னா?" என்றார் டீச்சர். "யாரும் சொல்லணுமா டீச்சர், வழக்கம்தானே" என்றார் அவர். "அப்ப இண்ணைக்கு பி.டி. சார் கொடுக்கட்டும். நாளையில இருந்து அது வழக்கமாயிரும்." பி.டி. சார்தான் கொடுத்தார். பாவம், பாதி டீ சாசரில் இருந்தது.

எனக்கு இதெல்லாம் வேடிக்கையாக இருந்தது, என் பக்கம் திரும்பாத வரைக்கும்.

எங்கள் ஊர்ப் பக்கம் பெண் ஆசிரியர்களிடம் ஒரு பழக்கம் உண்டு. பதவி உயர்வுப் பட்டியலில் பெயர் வரும். வந்ததும் ஒரு கடிதம் எழுதிக் கொடுத்துவிடுவோம். 'குடும்பச் சூழ்நிலை காரணமாக எனக்குப் பதவி உயர்வு வேண்டாம்.' மேலே ஏறினால் தூரத்துப் பள்ளிக்கூடத்துக்கு அனுப்புவார்கள், வீட்டுச் சோலி கெடும், அதனால். ஆண்கள் அப்படி எழுதிக் கொடுத்து நான் பார்த்ததில்லை. என் பெயர் வந்த வருஷம் நானும் எழுதினேன். வாசகம்கூட யோசிக்க வேண்டியிருக்கவில்லை, பக்கத்துப் பள்ளிக்கூடத்து டீச்சர் எழுதியதைப் பார்த்து அப்படியே எழுதினேன். கவரில் போடுவதற்கு முன்னால் டீச்சர் அதை வாங்கி வாசித்தார்.

"இதென்னட்டி குடும்பச் சூழ்நிலை?"

"உங்களுக்குத் தெரியாதாக்கா?"

"தெரியாது. உன் வீட்டுல வெள்ளம் வந்திருக்கா? யாருக்காவது தீராத நோக்காடா? ஒண்ணுமில்லை. காலையில இட்லி அவிக்கணும், அதானே? அதை அப்படியே எழுது. 'இட்லி அவிக்க வேண்டியிருப்பதால் எனக்குப் பதவி உயர்வு வேண்டாம்.' வாசிக்கிறவனுக்காவது வெக்கம் வரட்டும்."

எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. கோபத்தில்தான். கடிதத்தைப் பிடுங்கி ஆபீசில் கொடுத்துவிட்டு வந்தேன். ஒரு வாரம் அவரோடு பேசவில்லை. அவர் சொன்னது சரி என்பதுதான் தாங்கவில்லை.

அடுத்த வருஷம் அவர் பெயர் வந்தது.

தலைமையாசிரியை பதவி. காலியாக இருந்தது பேச்சிப்பாறைக்கும் மேலே ஒரு மலையோரப் பள்ளிக்கூடம். காலை ஆறு மணி பஸ்ஸைப் பிடித்தால்தான் மணியடிக்கும் நேரத்துக்குப் போகலாம். திரும்பி வர இருட்டிவிடும். பிள்ளைகள் இரண்டு பேரும் வெளியூரில் படித்துக்கொண்டிருந்தார்கள். வீட்டில் இருந்தது கணவர், மாமனார், மாமியார், டீச்சர். கணவருக்கு மணவாளக்குறிச்சி மணல் ஆலையில் ஷிப்ட் வேலை. நல்ல மனுஷன், இரண்டு பக்கமும் தலையாட்டுவார்.

தலையாட்டாதவர் மாமனார். அரசாங்க அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருந்து ரிட்டையர்ட் ஆனவர், சபைக் கமிட்டிச் செயலாளர். குரலை உயர்த்தி ஒருநாளும் பேசியவரில்லை. ஆனால் பன்னிரண்டரைக்கு ஆவி பறக்கச் சோறு வரவேண்டும், அன்றைக்கு வந்த மீனில் குழம்பு வேண்டும். ஐஸ் மீன் அந்த வீட்டு வாசல் ஏறாது. காலையில் வைத்ததை மத்தியானம் வைத்தால் 'பழசு' என்று தட்டை ஒரு விரலால் தள்ளி வைப்பார். டீச்சர் விடிவதற்கு முன்னால் எழுந்து முக்கால்வாசி வேலையை முடித்துவிட்டுப் பள்ளிக்கூடத்துக்கு வருவார். மீதியை மாமியார் செய்வார். அந்த அம்மாவுக்கு இரண்டு கால் முட்டும் வீங்கி, எண்ணெய்த் துணி சுற்றியிருக்கும். அடுக்களையில் ஒரு மர ஸ்டூல் போட்டு உட்கார்ந்து உள்ளி உரிப்பார். புருஷன் சாப்பிட்டுக் கை கழுவின பிறகுதான் தனக்குத் தட்டு எடுப்பார். அவர் பேசி நான் அதிகம் கேட்டதில்லை.

பட்டியல் வந்த அன்றைக்கு மாமனார் சொன்னதாக டீச்சர் என்னிடம் சொன்னார். "'நீ வேலைக்குப் போ மக்கா, யாரு வேண்டாம்ணா? அடுக்களை மட்டும் முடங்கப்பிடாது. நீ மலைக்குப் போயிட்டா இவ தலையில எல்லாம் விழும். இவளைக் கொல்லப் போறியா?'ன்னு கேக்காரு. அந்தக் கேள்விதான் என்னைய தூங்க விடல்ல. மாமா தனக்காகக் கேட்டா நான் பதில் சொல்லிருவேன். மாமியைக் காட்டிக் கேக்காரே."

பதிலாகத்தான் பிரீசர் வந்தது.

மஸ்கட்டில் நர்ஸாக இருக்கும் தங்கைக்குப் பிரசவம் பார்க்க ஒரு கோடை விடுமுறைக்கு டீச்சர் போயிருந்தார். அங்கே தங்கையின் பிரீசர் நிறைய, பாதி நிலா வடிவத்தில் மடித்த பீட்சா. ஒருநாள் உட்கார்ந்து ஒரு மாசத்துக்குச் செய்து போட்டுவிடுவாளாம். டியூட்டி முடித்து வந்தால் ஒன்றை எடுத்துச் சூடாக்கித் தின்றுவிட்டுத் தூங்க வேண்டியதுதான். "அவளுக்கு மாமனாரும் கிடையாது, பன்னிரண்டரை மணியும் கிடையாது" என்று பெருமூச்சு விட்டு வந்தவர், வரும்போது அந்த வித்தையையும் ஒரு டப்பா காய்ந்த இலையையும் கொண்டுவந்தார். மாமனார் டப்பாவைத் திறந்து மோந்து பார்த்து, "கஷாயத்துக்குள்ளதா?" என்று கேட்டாராம்.

பதவி உயர்வு ஆர்டர் கொடுக்கிற கவுன்சலிங்குக்கு மூன்று வாரம் இருந்தது. அதற்குள் பெட்டி நிறைய வேண்டும், அதற்குப் பிறகு அந்த வீட்டில் யாரும் 'சாப்பாடு என்னாகும்?' என்று கேட்க முடியக் கூடாது. இதுதான் திட்டம். இரண்டாவது சனிக்கிழமை நானும் போனேன். பேசாமல் இருந்த ஒரு வாரத்துக்குப் பிராயச்சித்தம் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

மைதாவில் ஈஸ்ட்டும் சீனியும் வெதுவெதுப்பான தண்ணீரும் விட்டுப் பிசைந்து, ஈரத்துணி மூடி வைத்திருந்தார். அது இரண்டு மடங்கு பொங்கி நின்றது. அன்று காலையில் சந்தையில் வாங்கிய சூரை மீன் மஞ்சளும் மிளகும் போட்டு அவித்து உதிர்த்தபடி ஒரு சட்டியில். கோழி ஒரு சட்டியில். அவித்து அரிந்த முட்டை ஒரு சட்டியில். தக்காளியும் பூண்டும் வற்றல் மிளகாயும் போட்டுச் சுண்டக் காய்ச்சிய சாறு, மேலே தூவ மஸ்கட் இலை, துருவிய சீஸ். நான் அவசரப்பட்டுச் சூடான கோழியை அள்ளி மாவில் வைத்தேன். கையில் ஓர் அடி விழுந்தது.

"ஆறட்டும்ட்டி. சூடா வச்சா மாவு உள்ளேயே வெந்து களியாயிரும். சாறையும் கோரி ஊத்தாதே, பிரீசர்ல வெடிச்சிரும். ஆத்திரக்காரிக்கு இந்தச் சோலி ஆகாது."

"நீங்க ஆத்திரக்காரி இல்லையாக்கும்?"

"நான் ஆத்திரத்தை ஆற வச்சு உள்ள வைக்கிறவ. அதான் வெடிக்கல்ல."

மாவை வட்டமாகப் பரத்தி, ஒரு பாதியில் பூரணம் வைத்து, சோமாசி மாதிரி மடித்து ஓரம் அழுத்த வேண்டும். அதிலும் அவருக்கு ஒரு சட்டம். மீன் வைத்ததற்கு ஓரத்தில் முள்கரண்டிக் கோடு. கோழிக்கு ஓரத்தை முறுக்கி மடிக்க வேண்டும். முட்டைக்கு மேலே கத்தியால் மூன்று கீறல். எதற்கு இவ்வளவு பாடு என்று கேட்டேன்.

"எதுல என்ன இருக்குன்னு பாத்தாலே தெரியணும். 'மீனு எங்க இருக்கு?'ன்னு ஒருத்தரும் என்னைய விளிக்கப்பிடாது."

முக்கால் பதம் சுட்டு, முழுக்க ஆறவிட்டு, ஒன்றோடொன்று ஒட்டாமல் தட்டில் பரப்பி உறைய வைத்து, பிறகு கவரில் போட்டு அடுக்கினோம். பிரீசர் மூடியில் ஒரு தாள் ஒட்டினார். கரும்பலகையில் எழுதுகிற அதே உருண்டை எழுத்து. 'தோசைக்கல்லைச் சிறு தீயில் வைக்கவும். பொதியை உறைந்தபடியே வைத்து மூடி போடவும். ஏழு நிமிடம். திருப்பவும். மறுபடி ஏழு நிமிடம். முள் கோடு மீன், முறுக்கு கோழி, கீறல் முட்டை. சந்தேகம் வந்தால் முதலில் இருந்து வாசிக்கவும். போன் செய்ய வேண்டாம்.'

மாமியார் ஸ்டூலில் உட்கார்ந்து எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தார். உதவவும் இல்லை, தடுக்கவும் இல்லை. மாமனார் ஒருதடவை எட்டிப் பார்த்தார்.

"கடல்ல இருந்து நல்லா வந்த மீனை எதுக்கு ஐஸ் மீனாக்குற? எனக்குத் தட்டுல அந்தச் சாதனத்தை வைக்கப்பிடாது, கேட்டியா."

"வைக்க மாட்டேன் மாமா. நீங்களே எடுத்து வச்சுக்கிடுவிய."

'அந்தச் சாதனம்' என்பதுதான் அந்த வீட்டில் அதற்குப் பெயர். ஊரில் 'பீட்சா பொதி' என்று பெயர் விழுந்தது, டீச்சர் வீட்டில் நடந்த ஜெபக்கூட்டத்துக்குப் பிறகு. வழக்கமாக ஜெபக்கூட்டம் நடக்கிற வீட்டுக்காரி கடைசிப் பாட்டுக்கு முன்னால் நைசாக எழுந்து அடுக்களைக்குப் போய்விடுவாள். மற்றவர்கள் ஆமென் சொல்லும்போது அவள் டீ ஆற்றிக்கொண்டிருப்பாள். டீச்சர் அன்றைக்கு எழுந்திருக்கவே இல்லை. கண்ணை மூடி உட்கார்ந்திருந்தார். போதகர் ஆசீர்வாதம் சொல்லக் கையைத் தூக்கினபோது உள்ளே ஓவனில் இருந்து டிங் என்று மணியடித்தது. எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. பெண்கள் முகத்தைச் சுளித்தார்கள். "நம்ம கோயில் மணியைவிட நேரத்துக்கு அடிக்குது" என்று சொல்லிவிட்டுப் போதகர் இரண்டு தின்றார். மாமனார் ஒன்றையும் தொடவில்லை. பழமும் கேக்கும் கொடுக்காமல் இந்தச் சாதனத்தைக் கொடுத்து மானத்தை வாங்கிவிட்டாள் என்று அவருக்கு.

கவுன்சலிங் ஒரு திங்கட்கிழமை. அதற்கு முந்தின சனிக்கிழமை காலையில் டீச்சரும் கணவரும் மகளைப் பார்க்க அவள் படிக்கிற ஊருக்குப் போனார்கள். பெட்டி நிறைந்திருந்தது, தொண்ணூறுக்கு மேல் இருக்கும். மூடியில் ஒரு துணி விரித்து, 'திங்கள் வரை திறக்க வேண்டாம்' என்று இன்னொரு தாளையும் வைத்துவிட்டுப் போனார்.

ஐப்பசி மாதம். எங்கள் பக்கத்து ஐப்பசி இடி எப்படிப்பட்டது என்று இங்கே இருந்தவர்களுக்குத் தெரியும். மத்தியானம் மூன்று மணிக்கு மேற்கே கறுக்கும், அடுத்த நிமிஷம் ஜன்னல் அதிரும். முதல் இடி கேட்டதும் எல்லா வீட்டிலும் பிளக்கைப் பிடுங்குவார்கள், 'ஊருவது' என்போம். டி.வி., பிரிட்ஜ், மிக்ஸி, எல்லாம். 'ஊரியாச்சா?' என்று ஒருவருக்கொருவர் கேட்டுக்கொண்டு காலைத் தூக்கி நாற்காலியில் வைத்து உட்கார்ந்திருப்பார்கள். சனிக்கிழமையும் அப்படி ஓர் இடி இடித்தது. நானே என் வீட்டில் எல்லாவற்றையும் பிடுங்கினேன்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் மூன்று மணிக்கு டீச்சரிடம் இருந்து போன் வந்தது. "ஏட்டி, கொஞ்சம் வா." அவ்வளவுதான். நான் போனபோது அவர் பிரயாணச் சேலைகூட மாற்றாமல் பிரீசருக்கு முன்னால் நின்றிருந்தார். அடியில் தண்ணீர் ஓடி மேசைக்கால் வரைக்கும் போயிருந்தது. பிளக் தரையில் கிடந்தது. மூடியைத் திறந்து ஒன்றை எடுத்து என் கையில் வைத்தார். குளிர்ச்சி இருந்தது, ஆனால் அழுத்தினால் விரல் உள்ளே போயிற்று.

மாமனார் நடுக்கூடத்தில் உட்கார்ந்திருந்தார். எழுந்து வந்தார். குரலில் உண்மையான வருத்தம் இருந்தது, அதையும் சொல்ல வேண்டும்.

"நேத்து இடி என்னா இடி மக்கா, வீடே குலுங்கிச்சு. எல்லாப் பிளக்கையும் ஊரிப் போட்டேன். இதைத் திரும்ப மாட்ட மறந்து போச்சு."

அவருக்குப் பின்னால் டி.வி. ஓடிக்கொண்டிருந்தது. யாரோ செய்தி வாசித்துக்கொண்டிருந்தார்கள். அடுக்களையில் பிரிட்ஜ் உறுமிக்கொண்டிருந்தது. எனக்கு உடம்பெல்லாம் பற்றியெரிந்தது. "கேளுங்கக்கா" என்று டீச்சரின் காதில் சொன்னேன். அவர் கேட்கவில்லை.

"எதைக் கேக்க? இடி இடிச்சா பிளக்கை ஊரணும்ணு நாந்தானே எட்டாம் கிளாஸ்ல சொல்லிக் கொடுக்கேன்."

கணவர் பெட்டிக்கு அந்தப் பக்கம் நின்று தண்ணீரைத் துணி போட்டு ஒற்றிக்கொண்டிருந்தார். வேறு என்ன செய்வது என்று அவருக்குத் தெரியவில்லை. மாமியார் அடுக்களை நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றார். பிறகு மாமனார், மிக மெல்ல, ஆறுதல் சொல்கிற குரலில் சொன்னார்.

"போட்டும் மக்கா. இது நடக்காதுன்னு ஆண்டவரே காட்டிட்டாரு. நாளைக்குப் போய் வேண்டாம்ணு எழுதிக் கொடுத்திரு."

டீச்சரின் தலை லேசாகச் சாய்ந்தது. அந்தச் சாய்வு எனக்குத் தெரியும்.

"ஆண்டவரா மாமா சொன்னாரு?"

டீச்சர் சேலையை இழுத்துச் சொருகினார். "குளிர்ச்சி இருக்கு, கெட்டுப்போகல்ல. ஆனா திரும்ப உறைய வைக்கப்பிடாது. இண்ணைக்கே சுட்டுத் தீத்தாகணும். ஏட்டி, நீ தோசைக்கல்லைப் போடு. நான் ஓவனைப் பாக்கேன்."

மூன்று அடுப்பிலும் மூன்று கல், ஓவனில் தட்டுத் தட்டாக, இரண்டரை மணி நேரம் சுட்டோம். வீடு முழுக்கப் பூண்டும் மீனும் சீஸும் மணத்தது. தின்று தீர்ப்பது எப்படி என்று எனக்கு விளங்கவில்லை. ஐந்து பேர், தொண்ணூறு பொதி. கேட்டதற்கு, "தெருவுல எத்தனை வீடு?" என்றார். பெரிய மூங்கில் கடகத்தில் வாழையிலை விரித்து அடுக்கினார். ஒரு பக்கம் அவர் பிடித்தார், மறு பக்கம் நான்.

முதல் வீட்டில் ஒரு அம்மா வந்து எட்டிப் பார்த்து, "என்ன டீச்சர் விசேஷம்?" என்றார்.

"நாளைக்கு எனக்கு ஹெட்மிஸ்ட்ரஸ் ஆர்டர் கிடைக்கப்போகுது. தெருவுக்கே கொடுக்கணும்ணு மாமா சொன்னாரு."

நான் கடகத்தைக் கீழே போட்டுவிடப் பார்த்தேன். டீச்சர் என் பக்கம் திரும்பவே இல்லை. அடுத்த வீட்டிலும் அதே. "மாமா சொன்னாரு." அதற்கடுத்த வீட்டிலும். "மாமாவுக்கு சந்தோஷம் தாங்க முடியல்ல. நேத்திக்கே பிளக்கை ஊரி எல்லாத்தையும் இளக வச்சிட்டாரு, இண்ணைக்கே கொடுக்கணும்ணு." ஆயுள் முழுக்க 'யாரு சொன்னா?' என்று கேட்டே எல்லோரையும் முழிக்க வைத்தவர், அன்றைக்குத் தெரு நெடுக, கேட்பதற்கு முன்னாலேயே யார் சொன்னார் என்று சொல்லிக்கொண்டு போனார். போதகர் வீட்டில் ஆறு கொடுத்தார்.

நாங்கள் காலிக் கடகத்தோடு திரும்பி வந்தபோது வாசலில் பத்துப் பதினைந்து செருப்பு கிடந்தது. போதகர் வந்திருந்தார், கமிட்டிக்காரர்கள் இரண்டு மூன்று பேர் வந்திருந்தார்கள். மாமனாரின் கையைப் பிடித்துக் குலுக்கிக்கொண்டிருந்தார்கள். "மருமவளை இந்த அளவுக்கு உயர்த்தி விடுறதுக்கு ஒரு மனசு வேணும்" என்றார் போதகர். மாமனார் எழுந்து நின்றபடி, வேட்டி நுனியில் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே, "எல்லாம் ஆண்டவருக்க கிருபை" என்றார். பாவமாகக்கூட இருந்தது. ஆனால் அந்த அளவுக்குத்தான் பாவம்.

இனி அவர் எப்படி வேண்டாம் என்பார்? திங்கட்கிழமை டீச்சர் ஆர்டரோடு வந்தார். வெள்ளிக்கிழமை போய்ச் சேர வேண்டும்.

செவ்வாய்க்கிழமை சாயங்காலம் எலெக்ட்ரீஷியன் வந்தான். பிரீசரின் பிளக்கை வெட்டி எறிந்து, சுவரில் இருந்த சுவிட்சையும் கழற்றி, வயரை நேராக உள்ளே கொடுத்து முறுக்கச் சொன்னார் டீச்சர். "டேஞ்சர்லா டீச்சர்?" என்று அவன் தயங்கினான். "நான் சயின்ஸ் டீச்சர்டே. மேலே தனியா ஒரு பியூஸ் போடு, எர்த்து கொடு, ஒண்ணும் ஆகாது."

மாமனார் கூடத்தில் இருந்து கேட்டார். "இடி இடிச்சா என்ன செய்ய மக்கா?"

"மெயினை அணைச்சிருங்க மாமா. டி.வி.யும் சேந்து போவும், ஞாபகம் இருக்கும்."

வயர் போகிற குழாய் உயரத்தில் இருந்தது. எலெக்ட்ரீஷியன் ஏறி நிற்க எதையாவது தேடினான். மாமியார் அடுக்களையில் இருந்து தன் மர ஸ்டூலை ஒரு கையால் இழுத்துக்கொண்டு, மறு கையால் சுவரைப் பிடித்துக்கொண்டு, ஒவ்வொரு அடியாக வந்து அவனுக்கு முன்னால் வைத்தார். அவன் ஏறின பிறகு ஸ்டூலை ஆடாமல் பிடித்துக்கொண்டார். "நல்லா இறுக்கி முறுக்கு மக்கா, அவுந்துரப்பிடாது" என்றார். அவ்வளவு நீளமாக அவர் பேசி நான் கேட்டது அதுதான் முதல்தடவை. டீச்சர் சேலை முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு மாவு பிசையப் போய்விட்டார். புதன், வியாழன் இரண்டு நாளும் பெட்டியைத் திரும்ப நிறைத்தோம். இந்தமுறை ஆலையில் லீவு போட்டுவிட்டுக் கணவரும் மாவு பிசைந்தார்.

அவர் அந்த மலைப் பள்ளிக்கூடத்தில் ஐந்து வருஷம் இருந்து, அங்கிருந்தே ரிட்டையர்ட் ஆனார். இப்போது மகளோடு எங்கேயோ வடக்கே இருப்பதாகக் கேள்வி. நான் அதற்குப் பிறகு 'குடும்பச் சூழ்நிலை' கடிதம் எழுதவில்லை. என் வீட்டிலும் ஒரு பெட்டி இருக்கிறது, சிறியது. இதெல்லாம் அவர் நடத்திய பாடம் என்று சொன்னால் கோபப்படுவார். நான் சொல்ல வந்தது அந்த வெள்ளிக்கிழமையைப் பற்றி.

ஆறு மணி பஸ்ஸில் ஏறுவதற்கு முன்னால் எனக்குப் போன் செய்தார். "மத்தியானம் ஒருக்கா வீட்டுக்குப் போய்ப் பாரு. ஒண்ணும் செய்யாதே. சும்மா பாத்துட்டு வா." மத்தியான மணியடித்ததும் குடையை எடுத்துக்கொண்டு ஓடினேன். பன்னிரண்டரை தாண்டியிருந்தது.

சாப்பாட்டு மேசையில் மாமியார் உட்கார்ந்திருந்தார். ஸ்டூலில் இல்லை, நாற்காலியில். முட்டுக்குக் கீழே இன்னொரு நாற்காலியைப் போட்டு இரண்டு காலையும் நீட்டியிருந்தார். முன்னால் தட்டில், ஓரத்தில் முள்கரண்டிக் கோடு போட்ட பொதி ஒன்று, பாதி தின்றபடி, ஆவி பறந்துகொண்டிருந்தது. தொட்டுக்கொள்ள மாங்காய் ஊறுகாய். என்னைப் பார்த்து, "கொள்ளாம் பிள்ளே, நல்லாத்தான் இருக்கு" என்றார்.

மாமனார் மேசையின் அந்தப் பக்கம் வெறும் தட்டுக்கு முன்னால் உட்கார்ந்திருந்தார். என்னைப் பார்த்தார், மனைவியைப் பார்த்தார், கடிகாரத்தைப் பார்த்தார்.

"எனக்கு?" என்றார்.

மாமியார் வாயில் இருந்ததை நன்றாக மென்று விழுங்கினார். பிறகு இடது கையை நீட்டி, உட்கார்ந்த இடத்தில் இருந்தபடியே, பிரீசர் மூடியைக் காட்டினார்.

"அதுல எழுதிப் போட்டிருக்கா. உங்களுக்கு வாசிக்கத் தெரியுமில்லா?"